வசனமே இல்லாத படம் எதைச் சொல்லும்?

கேள்வி, 2 ஆகஸ்ட் 2024

போன ஞாயிறு கும்பகோணத்தில் ஒரு பழைய போட்டோ ஸ்டுடியோவுக்குள் நான்கு குறும்படங்கள் போட்டார்கள். 'அரசியல் ஒடுக்குமுறையும் வரலாற்று நினைவும்' என்று நோட்டீசில் இருந்தது. ஒன்றில் ஒரு பொம்மையை ஒரு கை துரத்துகிறது. ஒன்றில் கரியால் வரைந்து வரைந்து அழிக்கிறார்கள். இன்னொன்றில் ஒரு பெண் எலும்புகளை வைத்துக்கொண்டு பூஜை மாதிரி ஏதோ செய்கிறாள். ஒன்றே ஒன்றில் ஒருவர் பேசினார், அதுவும் கவிதை வாசிப்பதுபோல. மக்களைக் கொன்றதைப் பற்றிப் படம் எடுப்பவர் யார் கொன்றது, எந்த வருஷம், எத்தனை பேர் என்று சொல்ல வேண்டாமா? அதைச் சொல்லாமல் புதிர் போடுவது, புரிந்ததுபோல் தலையாட்டும் பத்துப் பேருக்காகத்தானே?

2 ஆகஸ்ட், இரவு 11.20

அந்த ஸ்டுடியோ என்னுடையது. தலையாட்டிய பத்துப் பேரில் நானும் உண்டு. பத்து அல்ல, பதினான்கு. டீ கிளாஸ் கணக்கு.

தூக்கம் வருகிறது, சுருக்கமாகச் சொல்கிறேன். தணிக்கை இருக்கிற நாட்டில் நேராகச் சொல்ல முடியாது. அதனால் பொம்மை, கை, கரி என்று மறைத்துச் சொன்னார்கள். பேசிய படத்துக்கு, அதாவது நாஜி வதைமுகாம்களைப் பற்றி பிரான்சில் அலன் ரெனே எடுத்த 'இரவும் மூடுபனியும்' படத்துக்கு, என்ன நடந்தது தெரியுமா? முகாமைக் காவல் காக்கும் பிரெஞ்சுப் போலீஸ்காரனின் தொப்பி தெரிகிறது என்று அந்தக் காட்சியையே வெட்டிவிட்டார்கள். பேசினால் வெட்டுவார்கள். பேசாமல் இருந்தால் தப்பிக்கலாம். அவ்வளவுதான் விஷயம்.

3 ஆகஸ்ட், காலை 6.05

இல்லை. நேற்று எழுதியது தப்பு. எழுந்ததும் வாசித்துப் பார்த்தேன், வெட்கமாக இருக்கிறது.

கை வரும் பொம்மைப் படத்தையே எடுத்துக்கொள்வோம். 1965, கம்யூனிஸ்ட் ஆட்சியில் இருந்த செக்கோஸ்லோவாக்கியா, பதினெட்டு நிமிடம், எடுத்தவர் யிர்ஜி த்ரன்கா. ஒரு சின்ன வீட்டில் ஒரு குயவன். தன் ரோஜாச் செடிக்கு ஒரு தொட்டி செய்ய வேண்டும், அதைத் தவிர அவனுக்கு வேறு ஆசை இல்லை. கையுறை மாட்டிய பெரிய கை ஒன்று உள்ளே வருகிறது. தொட்டி வேண்டாம், என்னைச் சிலையாகச் செய் என்கிறது. முதலில் கெஞ்சல், அப்புறம் பரிசு, தொலைக்காட்சிப் பெட்டி, மயக்கும் பெண் கை, கடைசியில் கூண்டு. தப்பித்து வீட்டுக்கு ஓடி வந்து கதவு ஜன்னலையெல்லாம் அடைக்கிறான். அலமாரி மேலிருந்த அதே பூந்தொட்டி தலையில் விழுந்து சாகிறான். கை வந்து, பதக்கங்களோடு அரச மரியாதை செய்து அடக்கம் செய்கிறது.

இதில் என்ன மறைந்திருக்கிறது? ஐந்தாவது படிக்கும் என் அண்ணன் பேத்தி பார்த்துவிட்டு, "அந்தக் கைதான் கவர்மெண்டா தாத்தா?" என்றாள். ஒரு குழந்தைக்குத் தெரிவது பிராக் நகரத்துத் தணிக்கைக்காரனுக்குத் தெரியாதா? இத்தனைக்கும் இது அரசு ஸ்டுடியோவில் எடுத்த படம், த்ரன்கா அரசின் பெரிய பட்டம் வாங்கியவர். 1969 டிசம்பரில் இறந்தார். சொந்த ஊரான பில்சனில் பெருங்கூட்டத்தோடு அடக்கம் நடந்தது, படத்தின் கடைசிக் காட்சியை யாரோ நகல் எடுத்ததுபோல. அப்புறம் சில மாதங்களில் படத்தின் பிரதிகளைப் பிடுங்கிப் பூட்டினார்கள். சுமார் இருபது வருஷம் வெளியே வரவில்லை. புரியாத படத்தை எவனும் பூட்டி வைக்க மாட்டான்.

ஆக, மறைப்பதற்காக எடுத்தார்கள் என்ற என் வாதம் அவுட். வேறு பதில் யோசிக்க வேண்டும். கடை திறக்க நேரமாகிவிட்டது.

5 ஆகஸ்ட், மதியம்

இன்னொரு திருத்தம். போலீஸ் தொப்பிக் காட்சியை வெட்டினார்கள் என்றேன். வெட்டவில்லை. அதற்கு மேல் வர்ணம் பூசினார்கள்.

பிரான்ஸ் மண்ணிலேயே இருந்த ஓர் இடைத்தங்கல் முகாமின் புகைப்படம் அது. ஓரத்தில் ஒரு பிரெஞ்சுக் காவலன், தலையில் அவர்களுடைய வட்டத் தொப்பி. யூதர்களைப் பிடித்து அனுப்பியதில் பிரெஞ்சுக்காரனுக்கும் பங்குண்டு என்பதற்கு அந்தத் தொப்பி சாட்சி. எடுத்துவிடு என்றது தணிக்கை. ரெனே மறுத்தார். கடைசியில் காவலன் மேல் ஓர் உத்தரம் விழுந்து மறைப்பதுபோல் பூசினார்கள். பல வருஷம் கழித்துத்தான் தொப்பி மறுபடி தெரியும் பிரதி வந்தது. 1956இல் கான் திரைப்பட விழாவுக்குப் போனபோது மேற்கு ஜெர்மனித் தூதரகமும் ஆட்சேபித்தது. போட்டியிலிருந்து எடுத்துவிட்டு, போட்டிக்கு வெளியே காட்டினார்கள். முப்பத்திரண்டு நிமிடப் படத்துக்கு இரண்டு அரசாங்கம் பயந்திருக்கிறது.

நான் 'வெட்டு' என்று எழுதியதற்குக் காரணம் மறதி. என் தொழிலே வர்ணம் பூசுவதாக இருந்தும் மறந்தது எப்படி என்றுதான் தெரியவில்லை. 1982 முதல் ரீடச்சிங் செய்தவன். கம்ப்யூட்டர் வந்த பிறகு வந்தவர்களுக்கு இது தெரியாது. நெகட்டிவில் பரு, தழும்பு எல்லாம் பென்சிலால் நிரப்புவோம். ஆளையே எடுக்க வேண்டும் என்றால் 'ஒபேக்' என்று ஒரு சிவப்புப் பூச்சு. சின்ன பிரஷ்ஷால் நெகட்டிவில் பூசினால் அந்த இடம் பிரிண்ட்டில் வெள்ளையாக விழும். அந்த வெள்ளையில் பின்னால் இருக்கும் சுவரையோ திரையையோ வரைந்துவிடுவோம்.

1987இல் ஒரு வீட்டுக்காரர் குரூப் போட்டோவைக் கொண்டுவந்தார். நானே யாஷிகா காமிராவில் எடுத்த படம். மூத்த பையனை எடுத்துவிடச் சொன்னார். சொத்துத் தகராறோ, வேறு சாதியில் கல்யாணமோ, நான் கேட்கவில்லை. தொழிலில் அப்படிக் கேட்கக்கூடாது. எடுத்தேன். ஆனால் அவன் தங்கச்சி தோளில் கை வைத்திருந்தான். அந்தக் கையை எடுத்தால் புடவைக் கரை சிதைந்துவிடும். விட்டுவிட்டேன். ஆள் இல்லை, கை மட்டும் இருக்கிறது. வீட்டுக்காரர் உற்றுப் பார்த்தார், ஒன்றும் சொல்லவில்லை, முப்பது ரூபாய் கொடுத்துவிட்டுப் போனார்.

6 ஆகஸ்ட்

கேள்வி கேட்டவர் கீழே, "கதை நன்றாக இருக்கிறது, பதில் எங்கே?" என்று எழுதியிருக்கிறார். நியாயம்.

ஒன்று கேட்கிறேன். 'பேசிய' படம் யார், எத்தனை பேர் என்று சொன்னதா? உரை எழுதிய ழான் கெய்ரோல் மௌட்ஹௌசன் முகாமில் கிடந்து மீண்டவர், சும்மா எழுதிய ஆள் அல்ல. ஒன்பது மில்லியன் பிணங்கள் என்று எண்ணிக்கை சொல்கிறார். செத்தவர்களில் பெரும்பகுதி யூதர்கள் என்று சொல்கிறாரா? ஆம்ஸ்டர்டாமைச் சேர்ந்த ஒரு யூத மாணவன் என்று ஒரே ஓர் இடத்தில் அந்தச் சொல் வருகிறது. படத்தின் மேல் இன்றுவரை இருக்கும் பெரிய குறை இதுதான். அரைமணி நேரம் பேசியும் முக்கியமான பெயர் விட்டுப்போயிற்று. பூசி மறைத்த தொப்பியோ பேசாமலேயே காட்டிக்கொடுத்துவிட்டது.

இதனால் பேசாத படம் உசத்தி என்று சொல்ல வரவில்லை. பேசினால் போதும் என்பதும் இல்லை, அவ்வளவுதான்.

9 ஆகஸ்ட்

ஒருவர் தனிச்செய்தியில், "இதெல்லாம் ஓடிடியில் வருமா?" என்கிறார். தெரியாது. வந்தாலும் 1.5 வேகத்தில் பார்ப்பீர்கள்.

11 ஆகஸ்ட், ஞாயிறு

கடை லீவு. கரிப் படத்துக்கு வருகிறேன்.

வில்லியம் கென்ட்ரிட்ஜ், தென்னாப்பிரிக்கா, ஜோகன்னஸ்பர்க்காரர். படம் 'ஃபீலிக்ஸ் இன் எக்ஸைல்', 1994. அந்த நாட்டில் எல்லாருக்கும் ஓட்டு என்று முதல் தேர்தல் நடந்த வருஷம். ஒன்பது நிமிடத்துக்கும் குறைவு. எடுத்த விதம்தான் விசேஷம். சாதாரணமாக அனிமேஷன் என்றால் ஆயிரக்கணக்கில் படம் வரைவார்கள். இவர் ஒரு பெரிய தாளைச் சுவரில் குத்தி, கரியால் வரைவார். எதிரே நிற்கும் காமிராவுக்கு நடந்து போய் இரண்டு சட்டகம் எடுப்பார். திரும்பி நடந்து வந்து கொஞ்சம் அழிப்பார், கொஞ்சம் வரைவார். மறுபடி காமிராவுக்கு நடை. முழுப் படத்துக்கும் நாற்பது தாள்தான். கரி முழுசாக அழியாது. நகர்ந்த கை, எழுந்துபோன ஆள், விழுந்த உடல் எல்லாம் தாளில் சாம்பல் நிறத்தில் தங்கிவிடும். அடுத்த காட்சி அந்த அழுக்கின் மேல்தான் நடக்கும்.

என் வயதுக்காரர்களுக்கு இதைச் சொல்லிப் புரியவைக்க வேண்டியதில்லை. சிலேட்டில் எழுதியவர்கள் நாம். எச்சில் தொட்டு அழித்தால் வாத்தியார் அடிப்பார் என்று கோவை இலையைக் கசக்கித் தேய்ப்போம். பச்சைத் தண்ணீர் காய்ந்ததும் நேற்றைய வாய்ப்பாடு லேசாக மேலே வரும். இன்றைய கணக்கை அதன் மேல் போடுவோம். எனக்கு அந்தப் படம் முதல் தடவையே புரிந்ததற்குக் காரணம் தென்னாப்பிரிக்க வரலாறு அல்ல, கோவை இலை.

படத்தில் ஃபீலிக்ஸ் என்ற வெள்ளைக்காரன் ஓர் அறையில் தனியாக உட்கார்ந்திருக்கிறான். நாண்டி என்ற கறுப்பினப் பெண் நிலத்தை அளக்கிறாள், வரைகிறாள். அவள் வரையும் நிலமெங்கும் சுடப்பட்டவர்கள் கிடக்கிறார்கள். செய்தித்தாள் வந்து உடலை மூடுகிறது, உடல் மண்ணோடு மண்ணாகிறது. கொஞ்ச நேரத்தில் அந்த இடத்தில் வெறும் மேடு, பள்ளம், கம்பம். யாரோ அங்கே செத்தார்கள் என்று தெரியாத ஒருவனுக்கு அது சாதாரணப் பொட்டல். கடைசியில் நாண்டியும் சுடப்படுகிறாள், நிலம் அவளையும் வாங்கிக்கொள்கிறது.

கேள்வி கேட்டவருக்குப் பெயரும் தேதியும் வேண்டும். தருகிறேன். 1960 மார்ச் 21, ஷார்ப்வில். அடையாள அட்டைச் சட்டத்தை எதிர்த்துக் கூடியவர்களைப் போலீஸ் சுட்டது, 69 பேர் செத்தார்கள். கென்ட்ரிட்ஜின் அப்பா சிட்னி கென்ட்ரிட்ஜ் வழக்கறிஞர், பின்னாளில், போலீஸ் காவலில் செத்த கறுப்பினப் போராளி ஸ்டீவ் பீக்கோவின் சாவு விசாரணையில் குடும்பத்துக்காக வாதாடியவர். பையனுக்கு ஆறு வயது இருக்கும்போது அப்பாவின் அறையில் தட்டையான மஞ்சள் பெட்டி ஒன்றைப் பார்த்து, சாக்லேட் என்று திறந்திருக்கிறான். உள்ளே ஷார்ப்வில்லில் சுடப்பட்டவர்களின் புகைப்படங்கள். மஞ்சள் பெட்டி என்றால் கோடாக். என் கடை அலமாரியில் இன்றும் நாலைந்து கிடக்கின்றன, ஒன்றில் என் மனைவி ஊசி நூல் போட்டு வைத்திருக்கிறாள்.

இந்தச் சங்கதி தெரிந்தபின் படத்தை மறுபடி பார்த்தேன். கூடுதலாகப் புரிந்ததா என்றால் ஆமாம். முதல் தடவை நெஞ்சை அடைத்தது குறைந்ததா என்றால், ஆமாம், கொஞ்சம் குறைந்தது. "ஓ, இது அந்த போட்டோவிலிருந்து" என்று மூளை வேலைசெய்ய ஆரம்பித்துவிட்டது. அதனால்தான் திரையிடலுக்கு முன் நான் முன்னுரை சொல்வதில்லை. சோம்பேறித்தனமும் ஒரு காரணம், ஒப்புக்கொள்கிறேன்.

14 ஆகஸ்ட்

மானம் போயிற்று.

எலும்புப் படத்துக்கு மட்டும் அன்றைக்கு முன்னுரை சொன்னேன். "இது 1901இல் எடுத்தது, உலகின் முதல் ஸ்டாப் மோஷன் படம், சாண்டியாகோவில் ஓர் அருங்காட்சியகப் பணியின்போது கிடைத்தது" என்று நீட்டி முழக்கினேன். படத்தின் தொடக்கத்திலேயே அப்படித்தான் எழுத்து ஓடுகிறது. நேற்று வந்த ஒரு கல்லூரி மாணவி, "சார், அது 2021இல் எடுத்த படம், அந்த எழுத்தும் கதைதான்" என்கிறாள். சரிபார்த்தேன். அவள் சொன்னதுதான் உண்மை. சிலி நாட்டுக்காரர்கள் கிறிஸ்டோபால் லியோன், ஹோவாகின் கொசீஞா இருவர் எடுத்தது. வெனிஸ் விழாவில் பரிசும் வாங்கியிருக்கிறது. கீறல், புள்ளி, நடுக்கம் எல்லாம் திட்டமிட்டுச் செய்தவை. நாற்பது வருஷம் பிலிமைத் தொட்டவன் நான், பொய்க் கீறலுக்கு ஏமாந்தேன்.

சமாதானமாக ஒன்று. அந்தப் பெண் தோண்டியெடுத்து உயிர் கொடுப்பது இரண்டு பேரின் பிணங்களுக்கு. ஒருவர் தியேகோ போர்த்தாலெஸ், 19ஆம் நூற்றாண்டில் சிலியின் அதிகாரக் கட்டமைப்பை அமைத்தவர், 1837இல் கொல்லப்பட்டார். இன்னொருவர் ஹைமே குஸ்மான், சர்வாதிகாரி பினோசே காலத்து 1980 அரசியல் சாசனத்தின் மூளை, 1991இல் சுடப்பட்டார். 1901இல் எடுத்த படத்தில் குஸ்மான் எப்படி வருவார்? அங்கேயே எனக்கு உறைத்திருக்க வேண்டும். அந்தப் பெயர் அன்றைக்கு எனக்குத் தெரியாது, அதுதான் காரணம்.

இந்த இடத்தில் கேள்வி கேட்டவர் ஜெயித்தார். பெயர் தெரியாமல் பார்த்ததால் நான் ஏமாந்தேன். பதினான்கு பேரையும் ஏமாற்றினேன்.

21 ஆகஸ்ட்

இன்றைய தேதி. 1968 ஆகஸ்ட் 20 ராத்திரி தொடங்கி 21இல் விடிந்தபோது செக்கோஸ்லோவாக்கியாவுக்குள் சோவியத் தலைமையிலான வார்சா ஒப்பந்த நாடுகளின் டாங்குகள். த்ரன்கா அப்போது உயிரோடு இருந்தார்.

அழிப்பது எப்போதும் ஒடுக்குபவன் வேலை என்பதுபோல் மேலே எழுதிக்கொண்டே வந்தேன். இன்று அதில் ஓர் ஓட்டை விழுந்தது. அந்த வாரம் செக் மக்கள் செய்த காரியங்களில் ஒன்று, தெருப் பலகைகளைக் கழற்றியதும் அவற்றின் மேல் வர்ணம் அடித்ததும். உள்ளே வந்த சிப்பாய்க்கு எந்தத் தெருவில் நிற்கிறோம் என்று தெரியக்கூடாது. பிடிக்க வேண்டியவனின் வீடு கண்ணில் படக்கூடாது. பெயரை அழித்துத்தான் ஆட்களைக் காப்பாற்றினார்கள். அதே நாட்டில்தான் 1948 பிப்ரவரியில் கம்யூனிஸ்ட் தலைவர் கோட்வால்டோடு மாடியில் நின்ற அவருடைய சகா கிளெமென்டிஸை, 1952இல் தூக்கில் போட்டபின் புகைப்படத்திலிருந்து எடுத்தார்கள். என்னைப் போன்ற ஒரு ரீடச்சர்தான் செய்திருப்பான். அவனுக்கும் சம்பளம் கொடுத்திருப்பார்கள். என்னைவிடக் கூடுதலாகக்கூட இருக்கலாம்.

26 ஆகஸ்ட், திரையிடல் முடிந்த மறுநாள்

நேற்று பதினெட்டு கிளாஸ். கேள்வி கேட்டவரும் வந்திருந்தார். ஆள் என்னைவிட உயரம், பேசினால் தன்மையாகத்தான் பேசுகிறார். இங்கே எழுதும்போதுதான் கத்தி.

அவருக்காகவே எண் சொல்லும் படம் ஒன்று போட்டேன். 1969, ஜெர்மனியில் ஹாருன் ஃபரோக்கி எடுத்த 'அணைக்க முடியாத நெருப்பு'. வியட்நாமில் நாபாம் குண்டில் எரிந்தவரின் வாக்குமூலத்தை ஃபரோக்கி மேஜையில் உட்கார்ந்து வாசிக்கிறார். எரிந்த உடலைக் காட்டினால் நீங்கள் கண்ணை மூடிக்கொள்வீர்கள், அப்புறம் நினைவையும் மூடிக்கொள்வீர்கள் என்கிற பொருளில் பேசுகிறார். பிறகு சிகரெட்டை எடுத்துத் தன் முன்கையில் வைத்து அணைக்கிறார். சிகரெட் சுமார் 400 டிகிரியில் எரியும், நாபாம் சுமார் 3000 டிகிரியில் என்கிறது படம். படம் தரும் புள்ளிவிவரத்தில் எனக்கு மனப்பாடம் ஆனது இந்த இரண்டு எண்தான். இன்று காலை அடுப்பங்கரையில் வாணலிக் காது சுட்டதும் 400 என்று மனசுக்குள் வந்தது.

அதே படத்தில் ஒரு விகடமும் உண்டு. வாக்குவம் கிளீனர் தொழிற்சாலைத் தொழிலாளி ஒருவன், மனைவிக்கு ஆகட்டும் என்று தினம் ஒரு பாகத்தை ஒளித்து வீட்டுக்குக் கொண்டுபோகிறான். எப்படிப் பூட்டினாலும் மெஷின் கன்னாகத்தான் வருகிறது. அதே தொழிற்சாலையில் வேலை பார்க்கும் மாணவன், இங்கே போர்ச்சுகலுக்குத் துப்பாக்கிதான் செய்கிறார்கள் என்று சந்தேகப்பட்டு, நிரூபிக்க அவனும் தினம் ஒரு பாகத்தைக் கொண்டுபோகிறான். எப்படிப் பூட்டினாலும் வாக்குவம் கிளீனர்தான். சிரிப்பு அடங்க ஐந்து நிமிடமானது. ஒரு லேத் பட்டறைக்காரர் மட்டும் சிரிக்கவில்லை. "எனக்கும் ஒரு கம்பெனிக்கு ஒரு பார்ட் ஆர்டர் வருது, எதுக்குன்னு இதுவரைக்கும் கேட்டதில்லை" என்றார்.

அடுத்தது ழான்-காப்ரியேல் பெரியோ எடுத்த படம், 2006, பத்து நிமிடம், பேச்சே கிடையாது. பிரெஞ்சுத் தேசிய கீதத்தின் துண்டுகள், பழைய செய்திப்படத் துண்டுகள். 1944 கோடை, ஜெர்மன் பிடியிலிருந்து பிரான்சுக்கு விடுதலை, தெருவெல்லாம் சிரிக்கும் முகங்கள். திருவிழாக் கூட்டம் மாதிரி. நம்மாட்களும் கூடவே சிரித்தார்கள். அப்புறம்தான் அந்த முகங்கள் எதைப் பார்த்துச் சிரிக்கின்றன என்று தெரிகிறது. நடுவில் ஒரு பெண்ணுக்கு மொட்டை அடிக்கிறார்கள். ஜெர்மன்காரனோடு பழகினாள் என்று குற்றச்சாட்டு. இப்படி மொட்டையடிக்கப்பட்ட பெண்கள் பிரான்சில் சுமார் 20,000 பேர் என்று வரலாற்றாசிரியர்கள் கணக்கிட்டிருக்கிறார்கள். படம் அதைச் சொல்லவில்லை, நான் சொல்கிறேன். உங்களுக்கு எண் பிடிக்குமே.

விளக்கைப் போட்டதும் யாரும் பேசவில்லை. பின்வரிசையில் எழுபது வயதுக்கு மேற்பட்ட ஓர் அம்மா இருந்தார், பேரனோடு வந்தவர். "எங்க அத்தைப் பாட்டிக்கும் இப்படித்தான்" என்றார். "பன்னெண்டு வயசு. ஆம்படையான் முகம்கூட அவளுக்கு ஞாபகமில்ல. நாவிதர் வர்ற நாளைக்கு எங்களையெல்லாம் வாசலுக்குப் போங்கோன்னுடுவா. நாங்க ஜன்னல் வழியாப் பார்ப்போம். சிரிச்சிருக்கோம்."

இது வேறு, அது வேறு என்று சொல்ல வாய் வரை வந்தது. அங்கே போர், பழிவாங்கல், சில மாதங்கள். இங்கே விதவைக்குச் சாஸ்திரம், சாகும்வரை. இரண்டையும் ஒன்றாக்கினால் இரண்டுமே கெட்டுப்போகும். ஆனால் அவர் ஒன்றாக்கவில்லை, 'சிரிச்சிருக்கோம்' என்பதை மட்டும்தான் சொன்னார். நான் வாயை மூடிக்கொண்டேன். முன்னுரையில் 20,000 என்று சொல்லியிருந்தால் அவர் இதைச் சொல்லியிருப்பாரா? சொல்லியிருக்க மாட்டார் என்றுதான் நினைக்கிறேன். குறிப்பேட்டில் எண்ணை எழுதிக்கொண்டு போயிருப்பார்.

27 ஆகஸ்ட்

கேள்வி கேட்டவர் இன்று எழுதியது நியாயமாக இருக்கிறது. அந்த அம்மாவுக்கு நினைவு வந்தது சரி, பிரான்சுப் பெண்கள் என்ன ஆனார்கள்? நம் வீட்டு ஞாபகத்தைக் கிளற அவர்களை ஊறுகாயாகத் தொட்டுக்கொள்கிறோமா என்கிறார். என்னிடம் பதில் இல்லை. இனிமேல் படம் முடிந்தபின் ஒரு தாள் கொடுக்கலாம் என்று ஒத்துக்கொண்டோம். ஒரு பக்கம், வருஷம், இடம், பெயர், எண். முன்னால் அல்ல, பின்னால். ஜெராக்ஸ் செலவு அவர் தலையில்.

8 செப்டம்பர்

எலும்புப் படத்துக்கான தாளை அவர்தான் தயாரித்தார். அதில் எனக்குத் தெரியாத ஒன்று இருந்தது. 2005இல் சாண்டியாகோ பேராலயத்தில் பழுது பார்க்கும்போது போர்த்தாலெஸின் உடல் நிஜமாகவே கிடைத்ததாம். பொய்த் தொல்பொருள் படத்துக்குள் உண்மைப் பிணம்.

இன்னொன்றும் இருந்தது. அந்தப் படம் வந்த நேரத்தில் குஸ்மானின் சாசனத்தைத் தூக்கிப் போட்டுப் புதிது எழுதலாம் என்று சிலி மக்கள் முடிவெடுத்திருந்தார்கள். 2020 அக்டோபர் வாக்கெடுப்பில் 78 சதவீதம் ஆதரவு. படம் ஏறக்குறைய பேயோட்டும் சடங்கு: பிணத்தை எழுப்பு, கணக்கை முடி, அனுப்பு. 2022 செப்டம்பரில் புதிய வரைவை 62 சதவீதம் பேர் வேண்டாம் என்றார்கள். 2023 டிசம்பரில் இன்னொரு வரைவும் தோற்றது. பழையதுதான், இடையில் பல திருத்தங்களோடு, இன்றும் நடப்பில் இருக்கிறது. பேய் போகவில்லை. படத்தைக் கொண்டாட்டமாகப் பார்த்திருந்தேன், இப்போது போட்டால் அந்தப் பெண்ணின் முகம் எனக்கு வேறு மாதிரித் தெரியும்.

15 செப்டம்பர்

ஓர் இளைஞர், "நானும் எடுக்கலாம் என்றிருக்கிறேன், ஒரு பொம்மை, ஒரு கை, கறுப்பு வெள்ளை" என்கிறார். தம்பி, கையை த்ரன்கா எடுத்துவிட்டார். உங்கள் ஊரில் எதை வெள்ளையடித்தார்கள் என்று முதலில் பாருங்கள்.

30 செப்டம்பர்

இந்த இழையை வாசிக்கிற யாரோ அந்தக் குடும்பத்துக்கு வேண்டியவர் போலிருக்கிறது. நேற்று திரையிடலுக்கு முன் ஓர் அம்மாள் வந்தார், அறுபதை நெருங்கும் வயது. பையிலிருந்து 1987 குரூப் போட்டோவை எடுத்து வைத்தார். தோளில் கை இருந்த தங்கச்சி அவர்தான்.

அப்பா போய் ஒன்பது வருஷமாம். அண்ணனும் போன மாசம், ஓசூரில். முப்பத்தேழு வருஷம் பேச்சுவார்த்தை கிடையாது. காரியத்துக்கு வைக்க ஒரு போட்டோ இல்லை என்று அண்ணன் பையன் கேட்டானாம். "நெகட்டிவ் வெச்சிருக்கீங்களாண்ணே?"

பரணில் மூன்று டிரங்குப் பெட்டி. ராத்திரி இரண்டு மணிக்குக் கிடைத்தது, பட்டர் பேப்பர் உறையில், என் கையெழுத்தில் தேதியோடு. அண்ணன் இருந்த இடத்தில் நான் அடித்த சிவப்பு. ஒபேக் தண்ணீரில் கரையும். தொழில் கற்றுக்கொடுத்தவர் அதைத்தான் முதலில் சொன்னார்: தப்பானால் கழுவிக்கலாம். பஞ்சை நனைத்துத் தொட்டேன். முதலில் சட்டைக் காலர் வந்தது. அப்புறம் மீசை. வலது காதுப் பக்கம் பூச்சு, படம் பதிந்த எமல்ஷனைப் பிடித்துக்கொண்டு கூடவே உரிந்துவிட்டது. அந்த இடம் இனி வராது.

இன்று காலை ஸ்கேன் செய்து காட்டினேன். காதைக் கம்ப்யூட்டரில் சரிசெய்து தரவா, இடது காதையே திருப்பிப் போட்டால் போதும், தெரியாது என்றேன். அம்மாள் ரொம்ப நேரம் திரையைப் பார்த்தார். "வேண்டாம், அப்படியே போடுங்க" என்றார். பதினொன்றுக்குப் பதினான்கு, லேமினேஷன் வேண்டாம், வியாழக்கிழமை வேண்டும். பணம் வாங்கவில்லை. 1987இல் முப்பது ரூபாய் வாங்கியிருக்கிறேன்.